பதினோரு மணி உருண்டை

புதுச்சேரி,
14-6-1983

அன்புத் தங்கை ராஜாம்பாளுக்கு,

அக்கா அஞ்சலாட்சி எழுதுவது. நான், உன் மாமா, அம்மா மூவரும் சௌக்கியம். நீயும் உன் வீட்டுக்காரர் கண்ணையன் தம்பியும் உன் மாமியாரும் எப்படி இருக்கிறீர்கள் என்று எழுது.

நீ உண்டாகியிருக்கிறாய் என்று தம்பி போட்ட கார்டு வந்தது. அம்மா அதைக் கொண்டுபோய் மாரியம்மன் படத்துக்கு முன்னால் வைத்துவிட்டாள். நான் படிக்கவே சாயங்காலம் ஆயிற்று. சந்தோஷம் ஒரு பக்கம் இருக்கட்டும். போன தடவை நடந்ததை நான் மறக்கவில்லை. உன் முதல் பிள்ளை கோழிக்குஞ்சு மாதிரி பிறந்து மூன்று நாள்கூடத் தங்கவில்லை. தாய்க்கு ரத்தம் இல்லை, பிள்ளைக்கு எடை இல்லை என்று டாக்டரம்மா என் முகத்தைப் பார்த்துச் சொன்னார்கள். ஊர்ப் பிள்ளைகளுக்கெல்லாம் சத்துணவு போடுகிற டீச்சர் நான். என் கூடப்பிறந்தவளுக்கு இந்தக் கதி என்றால் எங்கே போய் முட்டிக்கொள்வது?

இந்த முறை அப்படி நடக்க விடமாட்டேன். உங்கள் ஊரிலும் எங்கள் டிபார்ட்மெண்டு அங்கன்வாடி திறந்தாகிவிட்டது. பிள்ளைத்தாய்ச்சிக்கும் பால் கொடுக்கிற தாய்க்கும் தினம் பதினோரு மணிக்குச் சாப்பாடு. அங்கேயே உட்கார்ந்து சாப்பிட வேண்டும். வீட்டுக்கு எடுத்துப்போனால் யார் வயிற்றுக்குப் போகும் என்று எங்களுக்குத் தெரியாதா?

இங்கே மில் தெருப் பெண்கள் என் உயிரை எடுக்கிறார்கள். மில்லில் பாதி நாள் வேலை இல்லை, அடுப்பு எரியாத வீடு உண்டு. ஆனாலும் செண்டருக்கு வந்து ஒரு சத்துமாவு உருண்டை தின்ன அவர்களுக்குக் கால் வராது. வீடு வீடாகப் போய் நான் வெற்றிலை பாக்கு வைக்காத குறைதான். நீயாவது என் பேச்சைக் கேள். நாளைக்கே போய்ப் பெயர் கொடு.

அன்புடன்,
அஞ்சலாட்சி

காரைக்கால்,
2-7-1983

அன்புள்ள அக்காவுக்கு,

ராஜாம்பாள் வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. நான் நன்றாக இருக்கிறேன். மாமாவுக்கு இருமல் தேவலையா? அம்மா முட்டிவலிக்கு எண்ணெய் தேய்க்கிறாளா?

உன் கடிதம் கிடைத்தது. எனக்கு மசக்கை அதிகம். தண்ணீர் குடித்தாலும் வெளியே வருகிறது. இதில் எங்கே போய் என்னத்தைச் சாப்பிடுவது? மாமியாரும், "வயித்துப் பிள்ளை ரொம்ப வளந்துட்டா பெத்தெடுக்கறது கஷ்டம், அளவா சாப்பிடு" என்கிறார்கள். குறுவை நடவு நடக்கிறது. ஆட்களுக்குச் சோறு கொண்டுபோய்க் கொடுத்து, வீட்டில் எல்லாருக்கும் போட்டு, கடைசியில் நான் உட்காரும்போது மணி மூன்றாகிறது. பதினோரு மணிக்கு ஒரு இடத்தில் போய் நிற்க எனக்கு யார் விடுவார்கள்?

வாந்தி நிற்கட்டும், போகிறேன். நீ கவலைப்படாதே.

உன் தங்கை,
ராஜாம்பாள்

புதுச்சேரி,
12-7-1983

ராஜாம்பாளுக்கு ஆசிகள்.

உன் மாமாவின் இருமலுக்கு ஒன்றும் இல்லை, பீடியை விட்டால் போய்விடும். விடமாட்டார். அம்மா எண்ணெய் பாட்டிலைத் தலைமாட்டில் வைத்துப் பார்த்துக்கொண்டிருக்கிறாள். நலம் விசாரித்தாயே, போதுமா?

பிள்ளை வளர்ந்தால் பெற முடியாது என்று உன் மாமியார் சொன்னதை நீயும் கேட்டுக்கொண்டு எனக்கு எழுதுகிறாய். போன தடவை அளவாகச் சாப்பிட்டுத்தானே அளவாகப் பெற்றாய். அந்தப் பிள்ளை எங்கே? இப்படி எழுதுகிறேனே என்று உனக்கு வலிக்கும். வலிக்கட்டும்.

வேளைக்கு ஒரு சாக்குச் சொல்கிறவர்களை நான் தினமும் பார்க்கிறேன். எங்கள் செண்டர் இப்போது சொல்தா வீட்டு முன்கூடத்தில் நடக்கிறது. பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்து வந்து பென்ஷன் வாங்குகிற அந்தக் கிழவர் நல்ல மனிதர், வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்துவிடுவார். ஒருத்தி சொல்கிறாள், ஆம்பளை எதிரில் எப்படித் தின்பது என்று. இன்னொருத்தி, கண்ணு பட்டுடும் என்கிறாள். இப்போது புதிதாக ஆரம்பித்திருப்பது, மாவு நன்றாக இல்லையாம். "காறுது டீச்சர், தொண்டையில எறங்கல" என்று ஆயம்மா என்கிற மில் தெருக்காரி வாயைக் கோணுகிறாள். கைப்பிள்ளைக்காரி, பால் ஊறவில்லை என்று அழுகிறவளும் அவளேதான். தானம் கொடுத்த மாட்டைப் பல்லைப் பிடித்துப் பார்க்காதீர்கள் என்று கூட்டமாக உட்கார வைத்துத் திட்டிவிட்டேன். சமைக்கிற சின்னப்பாப்பாவும் அவர்களோடு சேர்ந்துகொண்டு மாவு சரியில்லை என்று முணுமுணுக்கிறாள். அவள் கைப்பக்குவத்தை சூப்பர்வைசரே மெச்சியிருக்கிறார். வாசனை தெருமுனை வரைக்கும் வருவதாக எல்லாரும் சொல்கிறார்கள். அப்புறம் என்ன குறை இவர்களுக்கு?

வாந்தி நாலாம் மாதம் நின்றுவிடும். அதற்கு மேல் சாக்கு எழுதினால் நானே பஸ் ஏறி வருவேன். லீவு கிடைக்காது, கிடைக்காவிட்டாலும் வருவேன்.

அஞ்சலாட்சி

காரைக்கால்,
5-8-1983

அக்காவுக்கு வணக்கம்.

அனைவரும் நலம். உங்கள் நலத்துக்கு எழுதவும்.

வாந்தி நின்றுவிட்டது. தினமும் அங்கன்வாடிக்குப் போகிறேன், சாப்பிடுகிறேன். உடம்பு தெளிவாக இருக்கிறது. வேறு விசேஷம் இல்லை.

ராஜாம்பாள்

புதுச்சேரி,
20-8-1983

என் தங்கமான தங்கைக்கு,

நீ, தம்பி, மாமியார் எல்லாரும் சுகம்தானே. நாங்கள் சுகம். உன் கடிதத்தை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். நாலு வரிதானா என்று கேட்டாள். நாலு வரியானாலும் நல்ல வரி என்றேன்.

எனக்குப் பாதி பாரம் இறங்கிற்று. செண்டரில் எல்லாரிடமும் சொன்னேன். என் தங்கச்சி கிராமத்தில் இருக்கிறாள், நடவுக்குச் சோறு தூக்கிக்கொண்டே தினம் போய்ச் சாப்பிடுகிறாள், உங்களுக்கு என்ன கேடு என்று கேட்டேன்.

அங்கே என்ன போடுகிறார்கள்? கோதுமைக் கஞ்சியா, உருண்டையா? இரும்பு மாத்திரை கொடுத்தார்களா? எடை பார்த்தார்களா? டீச்சர் பெயர் என்ன? நீ ஒன்றும் எழுதவில்லை. விவரமாக எழுது. உடனே எழுது.

அக்கா

புதுச்சேரி,
18-9-1983

ராஜாம்பாளுக்கு,

நான் நலம். நீ நலமா என்று கேட்கப் போவதில்லை. கேட்டால் நலம் என்றுதான் எழுதுவாய்.

ஒரு மாதமாக உன்னிடமிருந்து பதில் இல்லை. தபால்காரர் பக்கிரியை வழிமறித்து வழிமறித்து அவரே இப்போது எங்கள் தெருவைச் சுற்றிக்கொண்டு போகிறார். போன வாரம் லாஸ்பேட்டையில் எங்களுக்குப் பயிற்சி. சாப்பாட்டு வரிசையில் எனக்கு முன்னால் நின்ற பெண் திரும்பிப் பார்த்து, "நீங்க ராஜாம்பா அக்காவா? ஜாடையே சொல்லுதே" என்றாள். செல்வாம்பாளாம். உங்கள் ஊர் அங்கன்வாடி டீச்சர்.

எனக்கு ஒரே பூரிப்பு. "தினமும் உங்க செண்டருக்கு வராளே, நல்லா சாப்பிடறாளா?" என்று கேட்டேன்.

அவள் என்னை மேலும் கீழும் பார்த்தாள். "தினமா? ஆடி மாசத்துல ஒரு நாள் வந்தாங்க. வாசப்படியிலயே நின்னாங்க. எங்க சமையக்காரம்மா கிண்ணத்தை நீட்டிச்சு. கை கழுவிட்டு வரேன்னு போனவங்கதான், இன்னும் கழுவிக்கிட்டு இருக்காங்க."

பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள். என் தட்டில் சோறு விழுந்ததா இல்லையா என்றுகூட எனக்குத் தெரியவில்லை.

சமைக்கிறவள் காலனிக்காரி. அதுதானே உனக்கு? வாந்தி என்றாய், நடவு என்றாய், மாமியார் என்றாய், கடைசியில் இதுதானா? வயிற்றில் இருக்கிற பிள்ளை என்ன சாதிச் சோறு என்று பார்த்தா வாயைத் திறக்கப் போகிறது? மூன்று வருஷமாக சின்னப்பாப்பாவோடு வேலை செய்கிறேன். நான் ஒருநாளாவது அவளை வித்தியாசமாக நடத்தியிருப்பேனா? இந்தக் காலத்தில், அதுவும் என் தங்கை, இப்படிச் செய்வாள் என்று கனவிலும் நினைக்கவில்லை. பொய் வேறு எழுதினாய். உன்னை வைத்து ஊர்ப் பெண்களை மட்டம் தட்டினேன். என் மானம் போயிற்று. போகட்டும். பிள்ளை போய்விடக் கூடாது. அதற்காகவாவது போ.

அஞ்சலாட்சி

காரைக்கால்,
30-9-1983

அக்காவுக்கு,

அம்மாவுக்கும் மாமாவுக்கும் என் வணக்கம். உனக்குப் பதில்.

நான் பொய் எழுதியது தப்பு. உன் நச்சரிப்பு தாங்காமல் எழுதினேன். மற்றதெல்லாம் நீ சொன்னதுதான். அந்தக் கிண்ணத்தை வாங்க எனக்குக் கை நீளவில்லை. நான் ஒருத்தி வாங்கியிருந்தால் பொழுது சாய்வதற்குள் ஊர்த்தெரு முழுக்கத் தெரிந்திருக்கும். கிணற்றடியில் என் குடத்தைத் தள்ளி வைத்திருப்பார்கள். நீ எழுதிவிடுகிறாய். இங்கே இருக்கிறவள் நான்.

ஆனால் ஒன்று கேட்கிறேன். பொங்கலுக்கு வந்திருந்தபோது ஒரு பகல் முழுக்க உன் செண்டரில் உட்கார்ந்திருந்தேனே, ஞாபகம் இருக்கிறதா? சின்னப்பாப்பா உப்புமா கிண்டி எல்லாருக்கும் போட்டாள். நீ அலமாரியைத் திறந்து வீட்டிலிருந்து கொண்டுபோன தூக்கை எடுத்தாய். குடிக்கத் தண்ணீரும் வீட்டிலிருந்து கொண்டுபோயிருந்தாய். பெரிய பானையில் தண்ணீர் இருந்தது, அது சின்னப்பாப்பா பிடித்து வைத்தது. அவள் எனக்கு ஒரு தட்டு நீட்டியபோது, "அவளுக்கு வயிறு சரியில்ல" என்று சொன்னது யார்? என் வயிறு நன்றாகத்தான் இருந்தது. பசியாகவும் இருந்தது.

கை கழுவிவிட்டு வருகிறேன் என்று சொல்ல நான் எங்கே கற்றுக்கொண்டேன் என்று யோசித்துப் பார். சின்னப்பாப்பா கையால் நீ ஒரு வாய் சாப்பிட்டிருக்கிறாயா? சாப்பிட்டுவிட்டு எனக்கு எழுது.

ராஜாம்பாள்

புதுச்சேரி,
20-10-1983

அன்புள்ள ராஜாம்பாளுக்கு,

அம்மா சுகம். உன் மாமா சுகம். நான் சுகமில்லை, வயிறு இரண்டு நாள் கடமுடா என்றது. ஏன் என்று கேள்.

உன் கடிதம் வந்த அன்றே உன்னைக் கிழிகிழியென்று கிழித்து ஒரு பதில் எழுதினேன். தபாலில் போடவில்லை. பத்து நாள் செண்டரில் யாரோடும் சரியாகப் பேசவில்லை. மத்தியானம் தூக்கைத் திறக்கும்போதெல்லாம் நீ எதிரில் உட்கார்ந்து பார்ப்பது போலவே இருந்தது. சனியனே, என் சோற்றை நிம்மதியாகத் தின்ன விட்டாயா?

போன திங்கட்கிழமை எழுந்துபோய், "ஒரு உருண்டை குடு" என்றேன்.

"யாருக்கு டீச்சர்?" என்றாள் சின்னப்பாப்பா.

"எனக்குத்தான்."

அவள் கை நின்றுவிட்டது. "வேணாம் டீச்சர்."

"ஏன், நான் தின்னா ஆகாதா?"

"ஐய, அதுக்கில்ல. மாவு நல்லா இல்லன்னு மூணு மாசமா தொண்டத் தண்ணி வத்த சொல்லிக்கினு இருக்கேனே, காதுல வாங்கினீங்களா?"

பிடுங்காத குறையாக ஒன்றை வாங்கி வாயில் போட்டேன். ராஜாம்பா, அந்த மாவு அப்படியே சிக்குப் பிடித்திருந்தது. பழைய எண்ணெய் வாடை மூக்கில் ஏறுகிறது. வெல்லம் போட்டும் அடங்கவில்லை. நாக்கெல்லாம் காறிக்கொண்டு, தொண்டைக்குள் இறங்குவேனா என்று நிற்கிறது. துப்பவும் முடியாது, பெண்கள் எல்லாரும் என் வாயையே பார்க்கிறார்கள். ஆயம்மா பிள்ளையை இடுப்பில் மாற்றிக்கொண்டு கேட்டாள், "எப்பிடி டீச்சர் இருக்குது? மாட்டோட பல்லு தெரியுதா?" முழுங்கிவிட்டேன்.

மூன்று மாதமாக இதை அவர்கள் வாயில் திணித்துவிட்டு, சாப்பிட வலிக்கிறதா என்று திட்டியிருக்கிறேன். வீடு வீடாகப் போய்த் திட்டியிருக்கிறேன். மூட்டையை நான் திறந்து பார்த்தேன், கணக்கு எழுதினேன், கரண்டி அளந்தேன். வாயில் மட்டும் வைக்கவில்லை. ஏன் வைக்கவில்லை என்று நீ எழுதிவிட்டாய், நான் வேறு எழுத வேண்டுமா?

புதன்கிழமை சூப்பர்வைசர் ஸ்கூட்டரில் வந்தார். மாவு கெட்டுவிட்டது என்றேன். "ஸ்டாக் தீர்ற வரைக்கும் அட்ஜஸ்ட் பண்ணுங்க" என்றார். நான் ஒரு உருண்டையைத் தட்டில் வைத்து நீட்டி, நீங்கள் சாப்பிடுங்கள், அட்ஜஸ்ட் ஆகிறதா பார்ப்போம் என்றேன். ஓரத்தில் ஒரு கடி கடித்தார். மிச்சத்தைக் கைக்குட்டையில் சுற்றிக் கைப்பையில் போட்டுக்கொண்டு, ஆபீசில் காட்டுகிறேன் என்று போய்விட்டார். நேற்று வேறு மூட்டை வந்தது. அதையும் முதலில் நான்தான் தின்று பார்த்தேன். பரவாயில்லை.

சாப்பிட்டுவிட்டேன், எழுதிவிட்டேன். இப்போது நீ போ.

அஞ்சலாட்சி

காரைக்கால்,
1-11-1983

பிரியமுள்ள அக்காவுக்கு,

வயிறு தேவலையா? இஞ்சி தட்டிப்போட்டுக் குடி. அம்மாவைக் கேட்டதாகச் சொல்.

உன் கடிதத்தைப் படித்து இரண்டு நாள் எனக்குள்ளேயே சிரித்துக்கொண்டிருந்தேன். அப்புறம் சிரிப்பு நின்றுவிட்டது. போன வாரம் ஆஸ்பத்திரிக்குப் போனேன். இமையை இழுத்துப் பார்த்துவிட்டு இந்தத் தடவையும் ரத்தம் இல்லை என்றார்கள். பிள்ளை மாதத்துக்குத் தகுந்த வளர்த்தி இல்லையாம். எனக்குத் தூக்கம் வரவில்லை அக்கா. படுத்தால் அந்த முதல் பிள்ளையின் கைதான் தெரிகிறது.

நீ செண்டரில் சாப்பிட்டாய், சரி. நீ டீச்சர். யாராவது கேட்டால் என் டூட்டி என்று சொல்லிவிடலாம். எனக்கு இது வீடு. அதனால் நானும் வீட்டைப் பற்றியே கேட்கிறேன். கார்த்திகை கடைசியில் பிரசவத்துக்கு அங்கே வருவதாக இருக்கிறேன். சின்னப்பாப்பா நம் வீட்டு அடுப்படிக்குள் வந்து எனக்குக் கஞ்சி வைப்பாளா? வைப்பாள் என்று ஒரு வரி எழுது. மறுநாளே நான் இங்கே போய் உட்கார்ந்து சாப்பிடுகிறேன், யார் என்ன சொன்னாலும்.

ராஜாம்பாள்

புதுச்சேரி,
14-11-1983

ராஜாம்பாளுக்கு,

உன் உடம்பைப் பற்றித் தவிர எனக்கு வேறு நினைப்பு இல்லை. இங்கே எல்லாரும் இருக்கிறோம்.

அம்மாவிடம் கேட்டேன். கையில் இருந்த முறத்தைக் கீழே போட்டாள். "நான் இருக்கறவரைக்கும் நடக்காது. எங்காலத்துக்கு அப்புறம் எவளை வேணா கூப்டு வெச்சிக்க" என்றாள். உன் மாமா எழுந்து பீடி பிடிக்க வெளியே போய்விட்டார். நான் அம்மாவோடு மல்லுக்கு நின்றேன் என்று எழுத ஆசைதான். நிற்கவில்லை. ஊருக்கெல்லாம் கத்துகிற எனக்கு அம்மா முன்னால் வாய் அடைத்துவிட்டது. எரிச்சலாக இருக்கிறது. என் மேல்தான்.

சரி, அவளையாவது கேட்போம் என்று சின்னப்பாப்பாவிடம் விஷயத்தைச் சொன்னேன். அம்மா வெளியூர் போகிற நாளாகப் பார்த்து வருகிறாயா என்று கேட்டேன். அவளுக்கு வந்ததே கோபம். அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்.

"உங்கம்மா இல்லாத நேரமா பாத்து நான் திருடி மாதிரி வரணுமா? ஏன் டீச்சர், அந்தப் பொண்ணு அங்க சோத்தைப் பக்கத்துல வெச்சிக்கினு பட்டினியா குந்தியிருக்குது. அக்காளும் தங்கச்சியும் நீ தின்னா நான் தின்றேன்னு லெட்டர் போட்டுக்கினு இருக்கீங்க. எங்க வூட்ல பிள்ளைத்தாச்சிக்குப் பசிச்சா தின்னுவா. இதுக்கு நடுவுல இன்னா பஞ்சாயத்து? நான் எங்கயும் வரல. அவளைத் தின்னச் சொல்லுங்க."

அடுப்பைத் தணித்துவிட்டு வீட்டுக்குப் போய்விட்டாள். அன்று பாத்திரம் நான்தான் கழுவினேன்.

நீ கேட்ட ஒரு வரியை என்னால் எழுத முடியவில்லை.

அக்கா

புதுச்சேரி,
28-12-1983

ராஜாம்பா,

எப்படியம்மா இருக்கிறாய்? ஆறு வாரம் ஆகிறது. கார்த்திகையில் வருகிறேன் என்றாய், வரவில்லை. இங்கே மழை விட்டபாடில்லை, கடலூருக்கு அந்தப் பக்கம் ரோடு உடைத்துக்கொண்டு பஸ் போகவில்லை என்கிறார்கள். நான் இரண்டு முறை பஸ் ஸ்டாண்டுக்குப் போய்த் திரும்பிவிட்டேன். கண்ணையன் தம்பிக்குத் தந்தி கொடுத்தேன், அதற்கும் பதில் இல்லை. அந்தப் பிள்ளை வாயில் கொழுக்கட்டையா?

என் மேல் கோபம் இருந்தால் பிரசவத்துக்கு அப்புறம் வைத்துக்கொள். சாப்பிட்டாயா, பிள்ளை அசைகிறதா, இரண்டுக்கும் பதில் எழுதினால் போதும். கார்டில் எழுது. யார் படித்தாலும் படிக்கட்டும்.

அக்கா

காரைக்கால்,
10-2-1984

அன்புள்ள அக்காவுக்கு,

ராஜாம்பாள் எழுதிக்கொள்வது. நானும் உன் மகளும் நலம். ஆமாம், பெண். மார்கழி கடைசியில் பிறந்தாள், ஆஸ்பத்திரியில்தான். தராசில் போட்ட நர்சு, "பரவாயில்லையே" என்றாள். அதைக் கேட்டு நான் அழுத அழுகையில் என்னவோ ஏதோ என்று டாக்டர் ஓடிவந்தார். மாதம் ஒன்றாகிறது. ஊரைக் கூட்டுகிற மாதிரி கத்துகிறாள். உன் தந்தியை அவர் சட்டைப்பையிலேயே வைத்துத் துவைத்துவிட்டார். அவரிடம் கோபித்துப் பயனில்லை.

ஐப்பசியில் நீ எழுதிய கடிதம் வந்த மறுநாளே அங்கன்வாடிக்குப் போனேன். நீ எழுத முடியாத வரிக்காகக் காத்திருந்தால் பிள்ளைக்குப் பல் முளைத்துவிடும் என்று தோன்றிற்று. சின்னப்பாப்பா சொன்னதை மட்டும் இரண்டு தரம் படித்தேன். போய் உட்கார்ந்தேன். கிண்ணத்தை வாங்கினேன். கோதுமைக் கஞ்சி. என் கல்யாணத்துக்கு அப்புறம் எனக்கு முதலில் போட்டுவிட்டு மற்றவர்களுக்குப் போட்டது அங்கேதான். முழுக்கச் சாப்பிட்டுவிட்டு இன்னும் கொஞ்சம் கேட்டேன். செல்வாம்பாள், "ஒருத்தருக்கு ஒரு கரண்டிதான் ரூல்ஸ்" என்கிறாள். வா வா என்று நாலு மாதம் கூப்பிடுவார்கள், வந்த பிறகு ரூல்ஸ் பேசுவார்கள். உங்கள் டிபார்ட்மெண்டை என்ன சொல்ல? சமையல்காரம்மாதான் அவள் அந்தப் பக்கம் திரும்பியபோது அடிப்பானையைச் சுரண்டிப் போட்டாள்.

நான் வீடு திரும்புவதற்குள் செய்தி வீட்டில் இருந்தது. மாமியார் என் தட்டையும் லோட்டாவையும் மாட்டுக்கொட்டகைச் சுவரோரம் தனியாக வைத்துவிட்டார்கள். அடுப்படிக்குள் வராதே என்றார்கள். சரி என்றேன். நடவு ஆட்களுக்குச் சமைக்கிற வேலை, மாவு இடிக்கிற வேலை எல்லாம் ஒரே நாளில் போயிற்று. பத்து நாள் கழித்து அவர்களுக்கே இடுப்பு ஒடிந்து, பாத்திரமாவது தேய் என்றார்கள். தொட்டால் தீட்டாயிற்றே என்றேன். பிரசவத்துக்கு அங்கே வராததற்குக் காரணம் மழை மட்டும் இல்லை. இங்கே தினம் ஒரு கிண்ணம் எனக்கு இருந்தது. அதை விட்டுவிட்டு வர மனம் வரவில்லை.

இப்போது மாமியாருக்குப் பேத்தியைக் கீழே விட மனம் இல்லை. காலில் போட்டு அவர்களேதான் குளிப்பாட்டுகிறார்கள், அவர்களேதான் சாம்பிராணி போடுகிறார்கள். என் தட்டு மட்டும் சுவரோரமே இருந்தது. போன வாரம் எனக்குப் பொறுக்கவில்லை. குளிப்பாட்டிக்கொண்டிருந்தவர்களிடம் நேராகப் போய், "உங்க பேத்தி ரெண்டு மாசம் அந்தக் கிண்ணத்துலதான் சாப்பிட்டா. அவ ஒடம்புல இருக்கற சதையெல்லாம் அந்தக் கஞ்சி. எனக்குத் தட்டு தனின்னா அவளையும் தனியா வைங்க. மடியில போட்டுக்காதீங்க" என்றேன்.

கையில் எடுத்த எண்ணெயோடு என்னை நிமிர்ந்து பார்த்தார்கள். குழந்தைக்கு மிச்ச உடம்பையும் தேய்த்துக் குளிப்பாட்டித் துடைத்து, நெஞ்சோடு சேர்த்துத் தூக்கிக்கொண்டு உள்ளே போய்விட்டார்கள்.

தட்டு இன்னும் சுவரோரம்தான் இருக்கிறது. இதுவரைக்கும் ரசம் சோறுதான் விழும் அதில். நேற்று மத்தியானம் பால்சுறாப் புட்டு இருந்தது. பால் ஊறுவதற்கு. விடிகாலையில் அவர்களே மார்க்கெட்டுக்குப் போய் வாங்கி வந்திருக்கிறார்கள். நிறைய வைத்திருந்தார்கள். உப்பு கொஞ்சம் தூக்கல். முழுக்கச் சாப்பிட்டேன்.

மாமாவுக்கும் அம்மாவுக்கும் வணக்கம். சின்னப்பாப்பாவை நான் மிகவும் கேட்டதாகச் சொல்.

தங்கை,
ராஜாம்பாள்